கம்பிக்கு அந்தப் பக்கம் இவ்வளவு நடந்திருக்கிறது, தெரியுமா?

சிங்கப்பூர் போய்வந்தவர்கள் உங்கள் தெருவில் யாராவது இருந்தால் கேட்டுப்பாருங்கள். ஊருக்கு நடுவில் வெள்ளை வெளேரென்று ஒரு தேவாலயம் நிற்கிறதே, பார்த்தீர்களா என்று. புனித ஆண்ட்ரூ பேராலயம் அது. அதன் சுவர்ப்பூச்சில் என்னென்ன கலந்தார்கள் தெரியுமா? கிளிஞ்சல் சுண்ணாம்பு, முட்டையின் வெள்ளைக்கரு, நாட்டுச் சர்க்கரை, தேங்காய் மட்டை ஊறிய தண்ணீர்! பூச்சு காய்ந்ததும் வழுவழுப்பான கல்லால் தேய்த்துத் தேய்த்து மெருகேற்றினார்கள். அந்தப் பூச்சுக்கு அங்கே வழங்கிய பெயர் ‘மெட்ராஸ் சுண்ணம்’. நம் கவரைப்பேட்டையிலிருந்து பொன்னேரி வழியாகப் பழவேற்காடு போனால், ஏரியில் கிளிஞ்சல் அள்ளிக் காளவாயில் சுட்டுப் பிழைத்த குடும்பங்களின் ஊர் வரும். அந்தக் கைவேலையின் பேர் கடல் தாண்டிப் போயிருக்கிறது!

ஆச்சரியம் இத்துடன் முடியவில்லை. 1856-ல் அடிக்கல் நாட்டி 1861-ல் முதல் வழிபாடு நடந்த அந்தப் பேராலயத்தைக் கட்டியவர்கள் கைதிகள். சென்னை, வங்காளம், பம்பாய் மாகாணங்களிலிருந்து நாடுகடத்தப்பட்டவர்கள். இன்று சிங்கப்பூர் அதிபரின் மாளிகையாக இருக்கும் இஸ்தானாவும் கைதிகள் கட்டியதுதான். 1825-ல் தொடங்கி 1873 வரை சிங்கப்பூரில் நடந்த கைதிகள் சிறையைப் போல உலகத்தில் அன்று வேறெங்காவது இருந்திருக்குமா என்பது சந்தேகமே. கைதிகளை ஆறு வகுப்பாகப் பிரித்திருந்தார்கள். புதிதாக வந்தவனுக்குக் காலில் விலங்கு. ஒழுங்காக இருந்தால் வகுப்பு ஏறும், விலங்கு கழலும், கொத்தனார் வேலை, தச்சு வேலை, கொல்லு வேலை கற்றுக்கொள்ளலாம். இன்னும் ஏறினால் அவனே வார்டர்! கைதிகளுக்குக் கைதிகளே காவல். மேல்வகுப்புக்கு வந்துவிட்டால் ஊருக்குள் தங்கிச் சொந்தமாகச் சம்பாதித்துப் பிழைக்கவும் அனுமதிச் சீட்டு கொடுத்தார்கள். தோட்டங்களில் புலித் தொல்லை அதிகமானபோது கைதிகள் கையிலேயே துப்பாக்கியைக் கொடுத்துப் புலி வேட்டைக்கு அனுப்பியிருக்கிறார்கள் என்றால் நம்புவீர்களா? அந்தச் சிறைக்குப் பொறுப்பாக இருந்த மெக்நேர் என்ற அதிகாரி 1899-ல் இதையெல்லாம் ஒரு புத்தகமாகவே எழுதி வைத்தார்.

ஊரைவிட்டுப் பிடுங்கிக் கடல்கடத்தியது கொடுமைதான், அதில் எனக்கு இரண்டாம் கருத்து இல்லை. ஆனால் அந்தக் கொடுமைக்குள்ளேயே ஒரு விஷயம் நிரூபணமானது. நம்பிக்கை வைத்து வேலையைக் கொடுத்தால், ‘கொலைகாரன்’ என்று கப்பல் ஏற்றிய கை ஒரு நகரத்தையே கட்டிக்கொடுக்கும்.

இந்த யோசனையெல்லாம் வெள்ளைக்காரன் கொண்டுவந்தது என்றுதானே நினைக்கிறோம்? மணிமேகலையின் பத்தொன்பதாம் காதைக்கு என்ன பெயர் தெரியுமா? ‘சிறைக்கோட்டம் அறக்கோட்டமாக்கிய காதை’! அள்ள அள்ளக் குறையாத அமுதசுரபியோடு ஊரெல்லாம் பசி தீர்த்துக்கொண்டு வந்த மணிமேகலை, புகார் நகரத்துச் சிறைக்குள் நுழைகிறாள். உள்ளே பசியால் வாடிக் கிடந்தவர்களுக்கு ஊட்டுகிறாள். செய்தி கேட்டு வியந்த சோழ மன்னன் மாவண்கிள்ளி அவளை அழைத்து, என்ன வேண்டும் என்று கேட்கிறான். சிறைச்சாலையை அறச்சாலையாக மாற்றிக் கொடு என்கிறாள். அவனும் மாற்றிக் கொடுக்கிறான். சீத்தலைச் சாத்தனார் இதற்கென்று ஒரு முழுக் காதையையே ஒதுக்கியிருக்கிறார். சிறைச் சீர்திருத்தத்துக்குத் தனி அத்தியாயம் வைத்த பழங்காப்பியம் வேறு எந்த மொழியில் இருக்கிறது என்று யாராவது சொன்னால் ஓடிப்போய்ப் படிப்பேன்.

சோழர் காலத்துக் கல்வெட்டுகள் இன்னொரு திகைப்பு. வேட்டைக்குப் போனவன் விட்ட அம்பு தவறி ஒரு மனிதன் மேல் பாய்ந்து உயிர் போய்விடுகிறது. கொல்லும் எண்ணம் இல்லை. ஊர்ச்சபை கூடுகிறது. தீர்ப்பு என்ன? கழுமரமா? இல்லை. செத்தவன் பேரில் கோயிலில் அணையாமல் எரிய ஒரு விளக்கு! ஒரு நந்தாவிளக்கு எரியத் தேவையான நெய்க்கு 96 ஆடுகளைக் கொடுக்க வேண்டும். கிழடு சாகக் குட்டி பிறக்கும், கணக்கு குறையாது என்பதால் அந்த மந்தைக்கு ‘சாவா மூவாப் பேராடு’ என்றே கல்லில் வெட்டி வைத்தார்கள். பிழை செய்தவன் ஊரிலேயே இருந்தான், பிழைத்தான். இறந்தவன் பெயரும் தினம் தினம் எரிந்தது.

அப்படிப்பட்ட மண்ணில்தான் பிறகு மனிதனை மாட்டுக்குப் பதிலாகச் செக்கில் பூட்டினார்கள். அதே வகைத் தண்டனையாக இங்கிலாந்தில் 1818-ல் வில்லியம் கியூபிட் என்ற பொறியாளர் கைதிகளுக்காகவே ஒரு மிதிசக்கரம் செய்தார். ஏறிக்கொண்டே இருக்க வேண்டும், ஆனால் எங்கும் போய்ச்சேர மாட்டார்கள். பல சிறைகளில் அந்தச் சக்கரம் மாவும் அரைக்கவில்லை, தண்ணீரும் இறைக்கவில்லை, சும்மா காற்றில் சுழன்றது! இன்று உடற்பயிற்சிக் கூடத்தில் காசு கொடுத்து ஓடுகிறோமே டிரெட்மில், அதன் பெயர் அங்கிருந்து வந்ததுதான். இங்கே கோயம்புத்தூர் சிறையில் 1908-லிருந்து 1910 வரை வ.உ.சிதம்பரனார் இழுத்த செக்கு இன்றும் கிண்டி காந்தி மண்டபத்தில் இருக்கிறது. பிள்ளைகளோடு கிண்டிக்குப் போகிறவர்கள் பாம்புப் பண்ணையோடு திரும்பிவிடாமல் அதையும் காட்டிவிட்டு வாருங்கள்.

வ.உ.சி.யின் சிறைக்கதை நமக்குத் தெரியும். விடுதலைக்குப் பிந்தைய கதை தெரியுமா? இரண்டு ஆயுள் தண்டனை, மொத்தம் 40 வருடம் என்று தீர்ப்பெழுதினார் நீதிபதி பின்ஹே. மேல்முறையீட்டில் அது குறைந்து 1912 டிசம்பரில் வெளியே வந்தார். கப்பல் கம்பெனி நடத்தியவரால் வக்கீல் தொழில்கூடச் செய்ய முடியவில்லை, தண்டனை பெற்றவர் என்று வக்கீல் சன்னத்தைப் பறித்திருந்தார்கள். அரிசி விற்றார், மண்ணெண்ணெய் விற்றார். பல வருடம் கழித்து இ.எச்.வாலஸ் என்ற வெள்ளைக்கார நீதிபதி முயற்சி எடுத்து அந்தச் சன்னத்தைத் திரும்ப வாங்கிக்கொடுத்தார். அந்த நன்றியை வ.உ.சி. எப்படிக் காட்டினார் தெரியுமா? தன் பிள்ளைக்கு வாலேஸ்வரன் என்று பெயர் வைத்தார்! ஒரு மனிதனுக்குத் தொழிலைத் திருப்பிக்கொடுப்பது என்றால் என்ன என்று இந்தப் பெயரைக் கேட்கும்போதெல்லாம் எனக்குப் புல்லரிக்கிறது.

உள்ளே இருந்தபோதும் அவர் சும்மா இருக்கவில்லை. ஜேம்ஸ் ஆலனின் நூலைக் கோவைச் சிறையிலிருந்தபடியே ‘மனம் போல வாழ்வு’ என்று தமிழாக்கினார். கண்ணனூர்ச் சிறையில் சகக் கைதிகளுக்கு அறநூல் பாடம் சொன்னார்.

இன்னொரு செய்தி. இந்தியச் சிறைகளின் நோக்கம் ஆளைத் திருத்துவதாக இருக்க வேண்டும் என்று அரசு மட்டத்தில் முதன்முதலில் அழுத்தமாகச் சொன்னது 1919-20-ன் இந்தியச் சிறைகள் குழு. அதன் தலைவர் அலெக்சாண்டர் கார்டியூ யார் தெரியுமா? நம் சென்னை மாகாண அதிகாரி, கொஞ்ச நாள் தற்காலிக ஆளுநராகவும் இருந்தவர்! இந்தியாவிலேயே முதல் குழந்தைகள் சட்டமும் சென்னையில்தான் வந்தது, 1920-ல். தப்பு செய்த பையனைப் பெரிய கைதிகளோடு சேர்த்துப் பூட்டாதே என்று சொன்ன சட்டம். வங்காளம் 1922-லும் பம்பாய் 1924-லும் நம்மைப் பார்த்துத்தான் வந்தன.

அதே 1920-ல் இன்னொன்றும் நடந்தது, அதைச் சொல்லாமல் பெருமை மட்டும் பேச எனக்கு மனம் வரவில்லை. குற்றப்பரம்பரைச் சட்டம் என்று ஒன்று. 1871-ல் வடக்கே வந்து, 1911-ல் சென்னை மாகாணத்துக்கும் நீண்டது. குறிப்பிட்ட சாதியில் பிறந்தாலே குற்றவாளி. கைரேகை வை, இரவில் காவல் நிலையத்தில் வந்து படு. மதுரைக்கு மேற்கே பெருங்காமநல்லூரில் ரேகை வைக்க மறுத்தவர்கள் மீது ஏப்ரல் 3 அன்று போலீஸ் சுட்டதில் 16 பேர் செத்தார்கள். அவர்களில் மாயக்காள் என்ற பெண்ணும் ஒருவர். பிள்ளையைத் திருத்தலாம் என்று ஒரு சட்டம், பிறக்காத பிள்ளையும் திருடன் என்று ஒரு சட்டம், இரண்டும் ஒரே மாகாணத்தில்! சென்னை மாகாணத்தில் 1947-லும், நாடு முழுக்க 1952 ஆகஸ்ட் 31-லும் குற்றப்பரம்பரைச் சட்டம் ஒழிந்தது.

ஒழிந்ததா? 2024 அக்டோபர் 3 அன்று உச்ச நீதிமன்றம் கொடுத்த தீர்ப்பைப் படித்தால் தூக்கம் வராது. பல மாநிலச் சிறைக் கையேடுகளில் சமைக்க இன்ன சாதி, கூட்ட இன்ன சாதி என்று அதுவரை எழுதியே வைத்திருந்தார்கள்! சுகன்யா சாந்தா என்ற பத்திரிகையாளர் தொடுத்த வழக்கில் அதையெல்லாம் செல்லாது என்றது நீதிமன்றம். நம் பாளையங்கோட்டை மத்தியச் சிறையில் சாதிவாரியாகத் தனித்தனிப் பகுதியில் அடைத்த விவகாரமும் அந்தத் தீர்ப்பில் வருகிறது. மோதல் வராமல் தடுக்கத்தானே என்ற சமாதானத்தை நீதிபதிகள் ஏற்கவில்லை.

சரி, எம்.ஜி.ஆர். ரசிகர்கள் பக்கம் வருவோம். ‘பல்லாண்டு வாழ்க’ படம் பார்த்திருக்கிறீர்கள்தானே? 1975. பயங்கரக் கைதிகள் சிலரைப் பூட்டும் விலங்கும் இல்லாமல் வெட்டவெளிக்கு அழைத்துப்போய் உழைக்கவைத்துத் திருத்தும் அதிகாரியாக எம்.ஜி.ஆர். அது சாந்தாராமின் 1957 இந்திப் படத்தைத் தழுவியது என்பது பலருக்குத் தெரியும். ஆனால் அந்தக் கதை உண்மையில் நடந்தது, தெரியுமா? மராட்டியத்தில் அவுந்த் என்று ஒரு குட்டி சமஸ்தானம். 1939-ல் அங்கே சுதந்திரபூர் என்ற இடத்தில் சுவரே இல்லாத சிறையைத் தொடங்கினார்கள். யோசனை சொன்னவர் மாரிஸ் ஃபிரிட்மன், போலந்து நாட்டுப் பொறியாளர். இந்தியாவுக்கு வேலைக்கு வந்து காந்தியிடமும் ரமண மகரிஷியிடமும் மனதைப் பறிகொடுத்தவர். போலந்துக்காரர் சொல்லி, மராட்டிய ராஜா செய்து, இந்தியில் படமாகி, கடைசியில் எம்.ஜி.ஆர். வழியாக நம்மூர்க் கொட்டகைத் திரைக்கு வந்திருக்கிறது!

படத்தில் மட்டும் நடக்கும் அதிசயம் என்று ஒதுக்கிவிடாதீர்கள். ராஜஸ்தானின் சாங்கானேரில் 1963 முதல் திறந்தவெளிச் சிறை நடக்கிறது. ஆயுள் கைதிகள் மனைவி மக்களோடு குடித்தனம் நடத்துகிறார்கள், காலையில் வெளியே வேலைக்குப் போகிறார்கள், மாலையில் ஆஜர் கொடுக்கத் திரும்பி வருகிறார்கள். தமிழ்நாட்டிலும் திறந்தவெளிச் சிறைகள் உண்டு. சிவகங்கை மாவட்டம் காளையார்கோவில் பக்கம் புரசடைஉடைப்பில் கைதிகள் விவசாயம் செய்கிறார்கள். வெள்ளாமை விளைகிற இடத்தில் மதில் தேவைப்படவில்லை.

இனி நம்ம பாதைக்கு வருவோம். கவரைப்பேட்டையிலிருந்து சென்னைக்கு பஸ் ஏறினால் தச்சூர் கூட்டுச்சாலை, காரனோடை, செங்குன்றம் தாண்டிப் புழல். ஏரி இருக்கும் புழலில்தான் தண்டனைக் கைதிகளுக்கு ஒன்று, விசாரணைக் கைதிகளுக்கு ஒன்று, பெண்களுக்கு ஒன்று என்று மூன்று சிறைகள் ஒரே வளாகத்தில் இருக்கின்றன. 2006-ல் சென்ட்ரல் ஸ்டேஷன் பக்கத்துப் பழைய சிறையிலிருந்து மாற்றிக் கொண்டுவந்தார்கள். பழைய சிறை 1837-ல் கட்டியது. இடிப்பதற்கு முன் 2009-ல் பொதுமக்கள் பார்க்கத் திறந்துவிட்டபோது திருவிழாக் கூட்டம்! இன்று அந்த இடத்தில் மருத்துவக் கல்லூரிப் பிள்ளைகள் படிக்கிறார்கள்.

சிறைக்குள் களி கிண்டிப் போடுவார்கள், கல்லுடைக்கச் சொல்வார்கள் என்றுதான் இன்னும் பலர் நினைக்கிறோம். வேலூர் சிறையில் தைத்த பூட்ஸைப் போட்டுக்கொண்டு போலீஸ்காரர்கள் ரோந்து போகிறார்கள், தெரியுமா? கோவைச் சிறைத் தறியில் காக்கித் துணி நெய்கிறார்கள். பிடித்தவருக்கே உடுப்பும் செருப்பும் பிடிபட்டவர் கையால்! ‘ஃப்ரீடம்’ என்ற பெயரில் கைதிகள் தயாரித்த ரொட்டி, பிஸ்கட், பை, சோப்பு எல்லாம் சிறைச் சந்தைகளில் கிடைக்கின்றன. 2023 ஆகஸ்டில் புழல் – அம்பத்தூர் சாலையில் திறந்த பெட்ரோல் பங்க் இருக்கிறதே, அது பெண் கைதிகளே நடத்துவது. இந்தியாவிலேயே அதுதான் முதல்! தண்டனை அனுபவிக்கும் பெண்கள் சாலையோரத்தில் நின்று வண்டிக்கு எண்ணெய் ஊற்றி, பணத்தை எண்ணி வாங்கிப்போட்டு, மாலையில் சிறைக்குத் திரும்புகிறார்கள். கூலியும் உண்டு. கைதிக்கு நியாயமான கூலி கொடுத்தே ஆக வேண்டும், அதில் ஒரு பங்கு பாதிக்கப்பட்டவர் குடும்பத்துக்குப் போக வழி செய்ய வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 1998-லேயே சொல்லிவிட்டது. இந்தச் செய்தி எத்தனை பேருக்கு எட்டியது?

பிரேசிலில் 2012-ல் ஒரு திட்டம் வந்தது. ஒரு புத்தகம் படித்து அதைப் பற்றிக் கட்டுரை எழுதினால் தண்டனையில் 4 நாள் கழிவு! வருடத்துக்கு 12 புத்தகம், 48 நாள். நம்மூரில் அப்படிக் கழிவு இல்லாவிட்டாலும், 2023 சென்னைப் புத்தகக் காட்சியில் ‘கூண்டுக்குள் வானம்’ என்று சிறைத்துறையே அரங்கு போட்டுச் சிறை நூலகங்களுக்குப் புத்தகம் கேட்டது. பை நிறைய வாங்கிக்கொண்டு போனவர்கள் நின்று, அதில் ஒன்றை எடுத்துக் கொடுத்துவிட்டுப் போனார்கள். ராஜீவ் கொலை வழக்கில் 31 வருடம் சிறையிலிருந்து 2022-ல் விடுதலையான பேரறிவாளன், உள்ளிருந்தபடியே 2012-ல் பிளஸ் டூ எழுதி 1,200-க்கு 1,096 மதிப்பெண் எடுத்தவர். பரீட்சைக்குப் பயந்து நடுங்கும் நம் பிள்ளைகளுக்கு இதைச் சொல்லலாம்.

கைதியும் மனிதன்தான் என்று சட்டப் புத்தகத்தில் ஆழமாக எழுதியவர் யார்? நீதிபதி வி.ஆர்.கிருஷ்ணய்யர். அன்றைய சென்னை மாகாணத்துப் பாலக்காட்டில் 1915-ல் பிறந்தவர். 1948-ல் ஒரு மாதம் போலச் சிறையில் இருந்தவர். 1957-ல் கேரளத்தில் அமைச்சரானபோது சிறைத்துறையும் அவர் கையில் வந்தது. பிறகு உச்ச நீதிமன்றம் போனார். கைதியாக, அமைச்சராக, நீதிபதியாக ஒரே விஷயத்தை மூன்று பக்கமும் நின்று பார்த்த மனிதர்! திகார் சிறையில் தூக்குத் தண்டனைக் கைதியாக இருந்த சுனில் பாத்ரா, பக்கத்தில் வேறொரு கைதியை வார்டர் சித்திரவதை செய்ததைக் கடிதமாக எழுதி அனுப்பினார். வக்கீல் இல்லை, முத்திரைத்தாள் இல்லை. அந்தக் கடிதத்தையே வழக்காக எடுத்துக்கொண்டது கிருஷ்ணய்யர் இருந்த நீதிமன்றம்.

இத்தனையும் செய்து ஆளை வெளியே அனுப்பிய பிறகுதான் உண்மையான சோதனை. அது நடப்பது புழலில் இல்லை, நம்மூரில். கும்மிடிப்பூண்டி சிப்காட்டில் எத்தனை ஆலைகள், எத்தனை ரோலிங் மில்கள்! ஆள் வேண்டும் என்ற பலகை இல்லாத வாசல் குறைவு. ஆனால் தையல், வெல்டிங், பேக்கரி எல்லாம் கற்றுக்கொண்டு வெளியே வந்தவன் அந்த வாசலில் நின்றால் முதலில் கேட்பது போலீஸ் சான்று. அங்கேயே கதை முடிகிறது. 2004-ல் சிங்கப்பூர் ‘மஞ்சள் ரிப்பன்’ திட்டத்தைத் தொடங்கியது. தண்டனை முடிந்து வருகிறவருக்கு வேலையும் மறுவாழ்வும் கொடுங்கள் என்று ஊரையே கேட்டுக்கொண்ட திட்டம். முதலாளிகள் சிறைக்குள்ளேயே போய் நேர்முகத் தேர்வு நடத்தி ஆள் எடுக்கிறார்கள். விடுதலையாகும் அன்று கையில் வேலை! கைதிகளைக் கொண்டு பேராலயம் கட்டிய அதே ஊர். நம் சிப்காட் முதலாளிகள் சங்கம் புழலுக்கு ஒரு வேன் அனுப்பினால் ஆகாதா? எனக்கு இதில் கடும் ஆதங்கம். நம்மிடம் விடுதலையான கைதிகள் உதவிச் சங்கம் இருக்கிறது, நன்னடத்தை அலுவலர்கள் இருக்கிறார்கள். சிறு தொழில் தொடங்க உதவி கேட்கலாம் என்பதுகூடப் பல குடும்பங்களுக்குத் தெரியவில்லை.

2024 ஜூலை 1 முதல் நடப்பிலிருக்கும் புதிய தண்டனைச் சட்டத்தில் சமூக சேவையே ஒரு தண்டனை, தெரியுமா? முதல்முறை மாட்டியவர், 5,000 ரூபாய்க்குக் குறைந்த பொருளைத் திருடி, அதைத் திருப்பியும் கொடுத்துவிட்டால் சிறைக்குப் பதில் சமூக சேவை. குடித்துவிட்டுப் பொது இடத்தில் ரகளை செய்தவருக்கும் இப்படித் தீர்ப்பு சொல்லலாம்.

கடைசியாகச் சொல்லப்போவது, யாராவது உள்ளே இருக்கும் குடும்பத்துக்கு. ‘மனு பார்க்க’ என்று வேலைக்கு லீவு போட்டுவிட்டுப் புழல் வாசலில் நிற்கிறவர்களுக்கு. இந்தியச் சிறைகளில் 2022 இறுதியில் இருந்த 5,73,220 பேரில் 4,34,302 பேர் தண்டனையே பெறாதவர்கள். விசாரணைக் கைதிகள்! நான்கில் மூன்று பேர்! பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா என்ற புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 479-ஆம் பிரிவு என்ன சொல்கிறது தெரியுமா? முன்பு எந்தக் குற்றத்திலும் தண்டனை பெறாத ஒருவர், தன்மேல் உள்ள குற்றத்துக்கான அதிகபட்சத் தண்டனையில் மூன்றில் ஒரு பங்கு காலத்தை விசாரணைக் கைதியாகவே கழித்துவிட்டால், நீதிமன்றம் அவரைப் பிணைப்பத்திரத்தில் விட வேண்டும். மற்றவர்களுக்குப் பாதிக் காலம். தூக்கோ ஆயுளோ விதிக்கக்கூடிய குற்றமென்றால் பொருந்தாது. ஒன்றுக்கு மேற்பட்ட வழக்கு நிலுவையில் இருந்தாலும் பொருந்தாது. இதில் பெரிய விஷயம், காலம் முடிந்ததும் நீதிமன்றத்துக்கு எழுத வேண்டியது சிறைக் கண்காணிப்பாளரின் கடமை. குடும்பம் காசு புரட்டி வக்கீல் வைத்த பிறகுதான் என்பதில்லை. சட்டம் வருவதற்கு முன் போட்ட வழக்குகளுக்கும் இது பொருந்தும் என்று உச்ச நீதிமன்றம் 2024 ஆகஸ்டில் சொல்லிவிட்டது. ஆகவே ரிமாண்ட் ஆன தேதியை எழுதி வையுங்கள், மூன்றில் ஒரு பங்கு எந்தத் தேதியில் முடிகிறது என்று எண்ணிப் பாருங்கள், அடுத்த மனு பார்க்கும்போது உள்ளே கேளுங்கள். இலவச வக்கீல் வேண்டுமானால் சட்டப் பணிகள் ஆணைக்குழுவின் எண் 15100.